மனத்தைப் படிக்கும் நகரத்தில் ஒரு கொலை

துப்பறியும் கதை எழுதுகிறவனுக்குப் பேனாவுக்கும் காகிதத்துக்கும் முன்னதாக வேண்டியது மறைவு என்கிற ஒன்று. ஒருவன் செய்த காரியத்தை மற்றவர்கள் அறியாதிருக்கும் அவகாசம் சிறிதேனும் கிடைக்காவிட்டால் கதையில் குற்றத்துக்கும் இடமில்லை, அதைத் துப்பறிகிறவனுக்கும் வேலையில்லை. 1960-களின் பிற்பகுதியில் நான் சென்னை வாரப் பத்திரிகைகளுக்குக் குற்றக் கதைகள் எழுத ஆரம்பித்தபோது அந்த மறைவு நாடெங்கும் தாராளமாகக் கிடைத்தது. மதுரையில் நடந்த ஒரு விஷயத்தைச் சென்னையில் இருப்பவருக்குத் தெரிவிக்க வேண்டுமானால் டிரங்க் கால் பதிவு செய்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். சாதாரணம், அர்ஜென்ட், லைட்னிங் என்று கட்டணத்துக்கு ஏற்ப மூன்று வகை அழைப்புகள் இருந்தன. எந்த வகையைக் கேட்டாலும் இணைப்புக் கிடைக்கும் வரையில் என் கதையின் கொலையாளிக்கு ஊரைக் கடந்து செல்ல நேரம் இருந்தது. மீசையை எடுத்துவிட்டு வேறு பெயரில் பம்பாய்க்கு ரயிலேறியவன் அங்கே வேறு மனிதனாகவே பத்து வருஷம் வாழ்ந்துவிடலாம்; அவனுடைய புகைப்படம் ஊரில் ஏதேனும் ஒரு ஸ்டூடியோவில் எடுத்த கல்யாணக் குழுப்படத்தில் மட்டுமே இருந்திருக்கும்; அந்தப் படத்தின் மூலையில் நின்ற அவனைத் துப்பறிகிறவர் கண்டுபிடிப்பதற்கு நான் இரண்டு அத்தியாயங்களைச் செலவிடலாம்.

எங்களுக்கு முன்பிருந்தவர்களின் நிலை இன்னும் சௌகரியமானது. ஆரணி குப்புசாமி முதலியாரும் வடுவூர் துரைசாமி ஐயங்காரும் எழுதிய காலத்தில் மாறுவேஷம் ஒன்றே கதையைப் பாதி தூரம் இழுத்துச் சென்றுவிடும். 1897-ஆம் ஆண்டிலேயே கல்கத்தாவில் கைரேகைப் பிரிவு ஏற்பட்டுவிட்டதென்றாலும், அதற்குக் கையுறை என்னும் பரிகாரத்தை எழுத்தாளர்கள் விரைவில் கண்டுகொண்டார்கள். விஞ்ஞானம் ஒரு கதவை அடைத்தால் நாங்கள் பக்கத்திலிருந்த ஜன்னலைத் திறந்துகொள்வது என்கிற முறையிலேயே இந்தத் தொழில் நெடுங்காலம் நடந்துவந்தது.

வாரத் தொடர் எழுதுவது எப்படி நடந்தது என்பதை இக்காலத்து வாசகர்களுக்குச் சொல்லிவைப்பது அவசியம். கதை முழுவதையும் எழுதி முடித்துவிட்டுப் பத்திரிகைக்குக் கொடுத்தவர்கள் மிகச் சிலரே. பெரும்பாலோர் வாரத்துக்கு ஓர் அத்தியாயமாகவே எழுதினோம். ஓவியருக்குப் படம் வரைய முன்கூட்டியே காட்சி தெரியவேண்டும் என்பதால், இன்னும் எழுதப்படாத அத்தியாயத்தில் என்ன நடக்கப்போகிறது என்று அவரிடம் வாய்மொழியாகச் சொல்லிவிட்டு, பிறகு அவர் வரைந்துவிட்ட படத்துக்கு முரண்படாமல் எழுதவேண்டியிருக்கும். ஆசிரியரோ வாசகர் கடிதங்களை மேஜைமீது பரப்பிவைத்துக்கொண்டு, யார்மேல் சந்தேகம் விழுந்திருக்கிறது என்பதைக் கவனித்து, "எல்லாரும் தம்பியைத்தான் சந்தேகப்படுகிறார்கள், ஐயா, அவன் குற்றவாளியாக இருக்கக் கூடாது" என்பார். இவ்வாறாக, யார் செய்தது என்கிற ஒரே கேள்வியைக் கயிறாக்கி அதில் இருபத்தைந்து வாரங்களைத் தொங்கவிடுவதுதான் எங்கள் வித்தையின் சாரம். ஏன் செய்தான் என்பதற்குக் கடைசி அத்தியாயத்தில் ஒரு பத்தி போதும். சொத்து, பழைய பகை, பெண் என்னும் மூன்றில் ஒன்றை அங்கே வைத்துவிடுவோம்.

பிறகு மறைவு குறையத் தொடங்கிற்று. எஸ்.டி.டி. வந்தது, தெருவுக்குத் தெரு மஞ்சள் பலகையுடன் தொலைபேசிக் கூடங்கள் முளைத்தன. 1984-இல் இங்கிலாந்தின் லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரிஸ் மரபணு அடையாள முறையைக் கண்டுபிடித்தார். 1988-இல் அங்கே ஒரு கொலைகாரன் அந்தச் சாட்சியத்தின் பலத்தில் தண்டனை பெற்றான். அந்தச் செய்தியைப் பத்திரிகையில் படித்த அன்று, கையுறையால் இனிப் பயனில்லை என்பதும், ஒரு துளி வியர்வையோ ஒரு முடியோ போதும் என்பதும் எங்களுக்கெல்லாம் விளங்கிற்று. தொண்ணூறுகளின் நடுவில் செல்பேசி வந்தது. கதாநாயகி ஆபத்தில் அகப்பட்டுக்கொண்ட அத்தியாயம் ஒன்று வெளியான வாரம், திருநெல்வேலியிலிருந்து ஒரு வாசகி, அந்தப் பெண் ஏன் செல்போனில் தன் அண்ணனை அழைக்கவில்லை என்று அஞ்சலட்டையில் கேட்டு எழுதியிருந்தார், நியாயமான கேள்விதான். அதற்குப் பின்னர் கோபுரப் பதிவுகளும், தெருமுனைக் கேமராக்களும், வங்கி அட்டையின் தடங்களும் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. ஒரு மனிதன் நேற்று மாலை எங்கே இருந்தான் என்பது, அவன் சொல்வதற்கு முன்பே பிறருக்குத் தெரிந்துவிடுகிற காலம் பிறந்துவிட்டது.

இந்த மாறுதலுக்கு என் சகாக்களில் பெரும்பாலோர் கண்ட பரிகாரம் எனக்கு ஒருபோதும் உவப்பாக இருந்ததில்லை. கொலை நடக்கும் நேரத்தில் செல்பேசியின் மின்சாரம் தீர்ந்துபோகும். வழக்கமாக ஓடுகிற கேமரா அன்றைக்கென்று பழுதாகியிருக்கும். மலைப்பாதையில் சிக்னல் கிடைக்காது. இவையெல்லாம் புதிய உலகத்தைக் கதையிலிருந்து சற்றுநேரம் வெளியே அனுப்பிவிட்டுப் பழைய கதையையே மறுபடி எழுதும் உபாயங்கள். சாதனங்கள் யாவும் பழுதின்றி வேலை செய்கிற ஓர் உலகத்தில், மறைவு என்பதே அறவே இல்லாத ஒரு சமூகத்தில், ஒரு கொலையை எப்படி எழுதுவது? இந்தக் கேள்வியை நேருக்கு நேர் நின்று எதிர்கொண்ட ஒரு நாவல், அலெக் ஜெஃப்ரிஸ் பள்ளிக்கூடம் போவதற்கு முன்பே, 1952-இல், நியூயார்க்கில் வெளிவந்திருந்தது. ஆல்ஃபிரட் பெஸ்டர் எழுதிய 'தி டிமாலிஷ்ட் மேன்' அது. எழுபதுகளில் மூர் மார்க்கெட்டின் பழைய புத்தகக் கடை ஒன்றில், அட்டை கிழிந்த ஆங்கிலக் கதைப் புத்தகங்களின் குவியலுக்குள்ளிருந்து எனக்கு அது கிடைத்தது. 1985-இல் அந்தச் சந்தை எரிந்துபோன பின்னும் அந்தப் பிரதி என்னிடம் இருந்துவருகிறது.

பெஸ்டரிடத்தில் எனக்கு முதலில் உண்டான பிரீதி, அவரும் எங்களைப் போல வாரக்கெடுவுக்கு எழுதிப் பிழைத்தவர் என்பதனால் வந்தது. 1913-இல் நியூயார்க்கில் பிறந்த அவர், சூப்பர்மேன், க்ரீன் லான்ட்டர்ன் முதலிய சித்திரக் கதைகளுக்கு எழுதினார். சார்லி சான், நிக் கார்ட்டர் போன்ற வானொலித் துப்பறியும் நாடகங்களுக்கும் எழுதினார். 'கேலக்ஸி' என்னும் விஞ்ஞானக் கதைப் பத்திரிகையை நடத்திய எச். எல். கோல்ட் அவரைத் தொலைபேசியில் அழைத்துத் தம் பத்திரிகைக்கு எழுதும்படி வற்புறுத்தினார். பெஸ்டர் தமக்குத் தோன்றிய கருத்துகளைப் பட்டியலிட்டு அனுப்பினார். காலத்தில் பின்னோக்கிச் சென்று குற்றத்தை நேரில் பார்த்துவிடக்கூடிய போலீஸ் இருக்கும்போது ஒருவன் எப்படிக் குற்றம் செய்வான் என்பது அவற்றுள் ஒன்று. மனத்தைப் படிக்கும் ஆற்றலைப் பற்றியது மற்றொன்று. காலயந்திரத்தை விட்டுவிட்டு, மனத்தைப் படிக்கிறவர்களையே போலீஸாக்கிப் பாருங்கள் என்று யோசனை சொன்னவர் கோல்ட். இருவரும் தொலைபேசியிலேயே பேசிப் பேசிக் கதையை உருவாக்கினார்கள் என்பதைப் பெஸ்டரே பிற்காலத்தில் எழுதிவைத்திருக்கிறார்; நாவலைக் கோல்டுக்கே சமர்ப்பணமும் செய்தார். நல்ல ஆசிரியர் ஒருவர் எழுத்தாளனுக்கு என்ன செய்யமுடியும் என்பதற்கு இதைவிடச் சிறந்த திருஷ்டாந்தம் எனக்குத் தெரியாது. 1952 ஜனவரி முதல் மார்ச் வரையில் மூன்று இதழ்களில் அது தொடராக வந்தது; மறு ஆண்டு புத்தகமாயிற்று; அந்த 1953-இல் பிலடெல்பியாவில் நடந்த உலக விஞ்ஞானக் கதை மாநாட்டில் ஹியூகோ விருது என்பது முதன்முதலாக ஏற்படுத்தப்பட்டபோது, நாவலுக்கான முதல் விருதையும் அதுவே பெற்றது.

இருபத்துநான்காம் நூற்றாண்டில் கதை நடக்கிறது. எஸ்ப்பர்கள் என்னும் மனம் படிப்பவர்கள் அந்தச் சமூகத்தில் வைத்தியர்களாகவும் வழக்கறிஞர்களாகவும் உத்தியோகத்துக்கு ஆள் எடுப்பவர்களாகவும் போலீஸாகவும் விரவியிருக்கிறார்கள். கொலை செய்ய நினைப்பவனுடைய நினைப்பே அவனைக் காட்டிக்கொடுத்துவிடும் என்பதால், எழுபது ஆண்டுகளுக்கும் மேலாகத் திட்டமிட்ட கொலை ஒன்றுகூட அங்கே நிறைவேறவில்லை. அந்த உலகத்தில் பென் ரீச் என்னும் மாபெரும் தனவந்தன், தன் வியாபார எதிரியான கிழவர் டிகோர்ட்னியைக் கொல்லத் தீர்மானிக்கிறான். அவன் தீர்மானிப்பதை நாம் பார்க்கிறோம். அவன் ஆயத்தம் செய்வதைப் பார்க்கிறோம். கொலையையும் அவன் அருகில் நின்று பார்க்கிறோம். யார் செய்தது என்கிற கேள்விக்கு இதில் இடமே இல்லை. இருபத்தைந்து வாரங்களை எந்தக் கயிற்றில் தொங்கவிட்டுப் பழகியிருந்தேனோ, அந்தக் கயிற்றைப் பெஸ்டர் முதல் அத்தியாயத்திலேயே அறுத்துப் போட்டுவிட்டிருந்தார். அப்படியும் என்னால் புத்தகத்தைக் கீழே வைக்க முடியவில்லை. எழுதுகிறவனாக இதை எண்ணி எண்ணி வியந்திருக்கிறேன்.

ரீச் செய்கிற ஆயத்தங்களை ஒவ்வொன்றாக ஆராய்ந்தால், ஒரு தொழிலாளி மற்றொரு தொழிலாளியின் கைவேலையைப் பார்த்து அடையும் ஆனந்தம் உண்டாகிறது. மனம் படிப்பவர்களிடமிருந்து தன் எண்ணத்தை மறைக்க அவன் யந்திரம் எதையும் நாடுவதில்லை. விளம்பரப் பாட்டு எழுதும் ஒரு பெண்ணிடம் சென்று, கேட்டவர் நெஞ்சைவிட்டு எளிதில் அகலாத மெட்டு எதுவென்று பேச்சோடு பேச்சாக விசாரிக்கிறான். அவள் பாடிக்காட்டுகிற அந்தப் பாட்டு அவன் மனத்தில் ஒட்டிக்கொண்டு ஓயாமல் சுழல்கிறது. அவன் உள்ளத்தைத் துழாவ வருகிற எஸ்ப்பருக்கு அந்தப் பாட்டைத் தவிர வேறொன்றும் கேட்பதில்லை. விவித் பாரதியின் விளம்பரப் பாட்டொன்று காலையில் காதில் விழுந்து இரவு வரையில் விடாமல் துரத்திய அனுபவம் உள்ளவர்களுக்கு இதன் நம்பகம் விளங்கும். வானொலிக்கு எழுதிப் பிழைத்தவர் ஒருவர்தான் இந்த உபாயத்தைக் கண்டுபிடித்திருக்க முடியும்.

அதேபோல, கிழவர் தங்கியிருக்கும் சீமாட்டியின் மாளிகையில் விளக்கணைக்கும் விளையாட்டு ஒன்று நடக்கவேண்டும் என்பதற்காக, விருந்து விளையாட்டுகளைப் பற்றிய பழைய புத்தகம் ஒன்றை வாங்கி, தனக்கு வேண்டிய அந்த ஒரு விளையாட்டைத் தவிர மற்றவற்றைப் படிக்க முடியாதபடி சிதைத்து, அவளுக்குப் பரிசாக அனுப்பிவைக்கிறான். அவளும் தானே தேர்ந்தெடுத்ததாக எண்ணிக்கொண்டு அதையே அறிவிக்கிறாள். கைத்துப்பாக்கி என்பதே அருங்காட்சிப் பொருளாகிவிட்ட அக்காலத்தில், ஒரு பழைய துப்பாக்கியில், ஜெலட்டின் கூட்டில் அடைத்த நீரை ரவையாக வைத்துச் சுடுகிறான். காயம் இருக்கிறது, ரவை இல்லை. இந்த மூன்று யுக்திகளிலும் எதிர்கால விஞ்ஞானம் மிகச் சொற்பம் என்பதைக் கவனிக்கவேண்டும். வாசகன் அறியாத கருவியைக் கடைசி நேரத்தில் சட்டைப் பையிலிருந்து எடுப்பது இந்த வகைக் கதைகளில் மன்னிக்க முடியாத அநீதி. பெஸ்டர் அந்த அநீதியை ஓரிடத்திலும் செய்யவில்லை.

பவல் என்னும் போலீஸ் அதிகாரி முதல் வகுப்பு எஸ்ப்பர். குற்றவாளி ரீச் என்பதை அவர் ஏறக்குறைய முதல் சந்திப்பிலேயே அறிந்துவிடுகிறார். ஆனால் மனத்தில் படித்ததை அங்கே நியாயஸ்தலம் சாட்சியமாக ஏற்பதில்லை; வழி, சந்தர்ப்பம், நோக்கம் ஆகிய மூன்றையும் புறத்தே கிடைக்கும் ஆதாரங்களைக் கொண்டே நிரூபிக்கவேண்டும்; வழக்கை முதலில் பரிசீலிப்பதோ உணர்ச்சியில்லாத ஒரு கணிப்பொறி. ஆகவே நாவலின் பெரும்பகுதி, அறிந்துவிட்ட ஒன்றை நிரூபிப்பதற்கான போராட்டமாக அமைந்திருக்கிறது. இது வெறும் கற்பனை வசதிதானோ என்று எனக்கு ஒரு சந்தேகம் இருந்துவந்தது. கதைகளுக்கு விவரம் கேட்பதற்காக நான் அடிக்கடி போய்ப் பேசுகிற ஓய்வுபெற்ற இன்ஸ்பெக்டர் ஒருவரிடம் ஒரு மாலை இந்தக் கதையைச் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இதில் ஆச்சரியப்பட என்ன இருக்கிறது, தம்பி? யார் செய்தான் என்பது முக்கால்வாசி வழக்குகளில் எங்களுக்கு மூன்றாம் நாளே தெரிந்துவிடும். அதைக் கோர்ட்டு ஒப்புக்கொள்கிற மாதிரி எழுதிக் கொடுப்பதற்குத்தான் வருஷக்கணக்காகும். எங்கள் உத்தியோகமே அதுதானே" என்றார். அன்றுமுதல் நான் எழுதிய கதைகளில் துப்பறிகிறவர் கடைசி அத்தியாயத்தில் எல்லாரையும் ஹாலில் உட்காரவைத்துப் பேசுவதை நிறுத்திவிட்டேன். குற்றப்பத்திரிகை, பஞ்சநாமா, பிறழ்ந்துபோகும் சாட்சி, அரசு வக்கீலின் அலட்சியம் ஆகியவையே கதையாயின. வாசகர்கள் முதலில் முணுமுணுத்தாலும் பிறகு அதையே விரும்பினார்கள்.

பெஸ்டர் எழுதிவைத்த அந்தச் சட்டச் சிக்கல் நம் நாட்டிலேயே பிரத்தியட்சமாக எழுந்ததை நான் கண்ணால் பார்த்தேன். இரண்டாயிரத்தின் முதல் பத்தாண்டுகளில் உண்மை அறியும் மருந்து ஊசி, பொய் கண்டறியும் கருவி, மூளை அலைகளைப் பதிவுசெய்யும் சோதனை ஆகியவை நம் புலனாய்வுத் துறைகளில் பரவலாகப் பழக்கத்துக்கு வந்தன. மயக்க நிலையில் கிடந்த மனிதர்கள் பிதற்றியது தொலைக்காட்சியிலேயே ஒளிபரப்பாயிற்று. 2010 மே 5-ஆம் தேதி, செல்வி எதிர் கர்நாடக மாநிலம் என்னும் வழக்கில், சம்பந்தப்பட்டவரின் சம்மதமின்றி இந்தச் சோதனைகளைச் செய்யலாகாது என்றும், அரசியலமைப்பின் 20(3)-ஆம் பிரிவு தனக்கெதிராகத் தானே சாட்சி சொல்லும்படி எவரையும் கட்டாயப்படுத்தக் கூடாதென்று அளிக்கும் காப்பை இவை மீறுகின்றன என்றும் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தீர்ப்பின் விவரங்களைப் பத்திரிகையில் படித்த இரவு மூர் மார்க்கெட் பிரதியை மீண்டும் எடுத்து, பவலும் கணிப்பொறியும் சந்திக்கிற பகுதியைப் படித்தேன். ஒரு மனிதனுடைய அந்தரங்கத்தைத் திறந்துபார்க்கும் சக்தி அரசாங்கத்தின் கைக்கு வந்துவிட்ட பிறகும், அதைக் கொண்டு அவனைத் தண்டிக்கலாகாது என்று சட்டம் கை நீட்டித் தடுக்கவேண்டும் என்பதை, கேளிக்கைக்காக எழுதப்பட்டதென்று பலரும் ஒதுக்கிவிடுகிற ஒரு துப்பறியும் நாவல் ஐம்பத்தெட்டு ஆண்டுகளுக்கு முன்பே கண்டிருந்தது.

எனக்கு இந்த நாவலிடத்தில் உள்ள ஆழ்ந்த மதிப்புக்குக் காரணம் இவை மட்டுமல்ல. கொலைக்கு முன்பாக ரீச், கூட்டு வியாபாரம் செய்யலாமென்று எதிரிக்குக் குறிமொழியில் ஒரு செய்தி அனுப்புகிறான். பதிலும் குறிமொழியிலேயே வருகிறது. அதை மறுப்பென்று படித்துத்தான் அவன் கொலைக்குத் துணிகிறான். உண்மையில் அந்தப் பதில் சம்மதம். குறிமொழிப் புத்தகம் அவனுக்கு மனப்பாடம், கண்ணும் பழுதில்லை, இருந்தும் அவன் அப்படிப் படித்தான். அப்படியானால், வியாபார லாபத்துக்காகக் கொலை என்று பவல் கட்டிய வழக்கு முழுவதும் கணிப்பொறியின் முன் சரிந்துவிடுகிறது. கொலையினால் லாபமே இல்லாத ஒருவன் எதற்காகக் கொன்றான்? மனம் படிப்பவர்கள் நிறைந்த அந்த நகரத்தில் ரீச்சின் எண்ணங்களை ஒருவர் மாற்றி ஒருவர் படித்துக்கொண்டேயிருந்தார்கள். அவன் ஏன் கொன்றான் என்பதை மட்டும் அவர்களில் ஒருவரும் அறியவில்லை, அவனும் அறியவில்லை. விடை என்னவென்பதை நான் இங்கே எழுதப்போவதில்லை. நாவலுக்கு எழுபது வயது கடந்துவிட்டதாயினும், இனிமேல் படிக்கப்போகிறவரிடமிருந்து முடிவைப் பறிப்பது எங்கள் தொழிலில் பாவம் என்றே நான் வளர்க்கப்பட்டேன். வெளியிலுள்ள இருட்டு முழுவதையும் நீக்கிவிட்ட பிறகும் கதைக்கு வேண்டிய மறைவு மனிதனுக்குள்ளேயே மிச்சமிருக்கிறது என்பதைப் பெஸ்டர் கண்டார் என்று மட்டும் சொல்லலாம். கடைசி அத்தியாயத்தில் ஒரு பத்தியாக நாங்கள் ஒதுக்கிவைத்திருந்த 'ஏன்' என்பதை அவர் நாவலின் முதுகெலும்பாக்கினார். செல்பேசியும் கேமராவும் எங்கள் தொழிலை அழித்துவிட்டன என்று சகாக்கள் வருந்தியபோதெல்லாம் நான் வருந்தாமலிருந்ததற்கு இதுவே காரணம்.

இதைக் கொடுங்கனவு உலகத்தின் கதை என்று சொல்லலாமா என்று நண்பர்களிடையே விவாதம் உண்டு. பசியில்லை, படையாட்சியில்லை, தெருவில் ரத்தமில்லை. வசதி படைத்த, விருந்தும் கேளிக்கையும் நிறைந்த சமூகம்தானே என்பார்கள். எனக்கு அதில் ஐயமே இல்லை. எஸ்ப்பர்களின் சங்கம் தன் உறுப்பினர் யாரை மணக்கலாம் என்பதை விதிக்கிறது. சங்கத்தின் கட்டுப்பாட்டை மீறிய ஜெர்ரி சர்ச் என்பவன் அதிலிருந்து விலக்கப்பட்டு, பழைய நண்பர்களின் மனப்பேச்சில் கலந்துகொள்ளும் உரிமையை இழந்து, அடகுக்கடை நடத்திக்கொண்டு வருஷக்கணக்காகத் தனிமையில் வாடுகிறான். ஊர் விலக்கம் என்றால் என்னவென்பதை நம் கிராமங்களில் பார்த்தவர்களுக்கு அந்த மனிதனுடைய துயரத்தை விளக்கவேண்டியதில்லை. புத்தகத்தின் பெயருக்குக் காரணமான தண்டனையோ தூக்கைக் காட்டிலும் பயங்கரமானது. குற்றவாளியின் உயிரை எடுப்பதில்லை. அவனுடைய ஞாபகங்களையும் சுபாவத்தையும் ஒவ்வொன்றாகத் தகர்த்து நீக்கி, அதே உடலில் வேறொரு மனிதனைப் புதிதாக வளர்க்கிறார்கள். இதைச் செய்கிறவர்கள் கருணையுள்ளவர்கள். நல்ல திறமைசாலியை வீணாக்குவானேன் என்று அன்போடு பேசுகிறார்கள். அந்த அன்புதான் என்னை நடுங்கவைக்கிறது.

குறைகளும் இருக்கின்றன. கிழவரின் மகள் கொலையைக் கண்ணால் கண்ட அதிர்ச்சியில் குழந்தைப் பருவத்துக்குத் திரும்பிவிட, பவல் அவளைத் தம் வீட்டில் வைத்துப் பராமரித்துக்கொண்டே அவளிடம் காதல் கொள்வது அன்றைக்கு எப்படித் தோன்றியதோ, இன்று படிக்கும்போது மிகவும் சங்கடப்படுத்துகிறது. பெண்கள் எவருக்குமே ஆசிரியர் போதிய உருவம் கொடுக்கவில்லை. ஃப்ராய்டின் மனோதத்துவத்தை அக்காலத்து அமெரிக்கா பாடப்புத்தகம் போல் நம்பியதன் அடையாளம் எங்கும் தெரிகிறது. ஆனால் எஸ்ப்பர்களின் விருந்தில் பலர் ஒரே சமயத்தில் மனத்தால் பேசிக்கொள்வதைக் காட்டுவதற்காக, சொற்களைப் பக்கத்தில் பின்னல் போலக் குறுக்கும் நெடுக்குமாகக் கோத்து அச்சிட்டிருக்கும் பக்கங்களைப் பார்த்தால் இந்தக் குறைகளை மறந்துவிடுகிறேன். ஈய எழுத்துக் காலத்தில் கம்பாசிட்டர் பக்கத்தில் நின்று காலி ப்ரூஃப் திருத்தியவன் நான். ஓர் அத்தியாயத் தலைப்பைச் சாய்வாக வைக்கச் சொன்னாலே அவருடைய முகம் மாறும். அந்தப் பக்கங்களைக் கோத்த, பெயர் தெரியாத அமெரிக்க அச்சுத் தொழிலாளியையும் அந்த விருதில் பங்குடையவராகவே நான் கருதுகிறேன்.

இந்த வம்சத்தில் பின்னர் வந்தவை பல. கோல்டின் தூண்டுதலால் அதே 'கேலக்ஸி'யில் ஐசக் அசிமோவ் எழுதிய 'தி கேவ்ஸ் ஆஃப் ஸ்டீல்' 1953-இல் தொடராக வந்தது. விஞ்ஞானக் கதையும் துப்பறியும் கதையும் ஒன்றுசேராது என்று பத்திரிகை ஆசிரியர் ஜான் கேம்ப்பெல் சொன்னதற்கு அது தம் பதில் என்று அசிமோவே கூறியிருக்கிறார். 1956-இல் பிலிப் கே. டிக், நடக்கப்போகும் கொலைகளை முன்கூட்டியே அறிந்து, செய்வதற்கு முன்பே மனிதர்களைச் சிறையிடும் ஒரு போலீஸைப் பற்றி 'தி மைனாரிட்டி ரிப்போர்ட்' எழுதினார். அண்மைக் காலத்தவற்றுள் பென் எச். வின்டர்ஸின் 'தி லாஸ்ட் போலீஸ்மேன்' என் மனத்தைக் கவர்ந்தது. விண்கல் ஒன்று ஆறு மாதத்தில் பூமியில் மோதப்போகிறது. வேலையை விட்டுவிட்டு எல்லாரும் போய்க்கொண்டிருக்கிறார்கள். தற்கொலை என்று எல்லாரும் தள்ளிவிட்ட ஒரு சாவை, ஓர் இளம் போலீஸ்காரர் மட்டும் கொலையென்று சந்தேகித்து விசாரித்துக்கொண்டிருக்கிறார். 2013-இல் அதற்கு எட்கர் விருது கிடைத்தது. துப்பறியும் கதைக்காரர்கள் தங்களுடைய பரிசை ஒரு விஞ்ஞானக் கதைக்குக் கொடுத்தார்கள் என்பதில் எனக்கு மிகுந்த சந்தோஷம். தமிழில் சுஜாதா 'என் இனிய இயந்திரா'வை ஆனந்த விகடனில் எழுதிய வாரங்களில், மனிதர்களின் பிறப்பையும் பெயரையும் ஆயுளையும் அரசாங்கமே நிர்ணயிக்கும் அந்த நாட்டைப் படித்துவிட்டு, இந்த மண்ணிலும் இந்த வம்சம் வேரூன்றிவிட்டது என்று நம்பினேன். அவருடைய கதைகளில் வரும் வழக்கறிஞர்களான கணேஷும் வசந்தும் அப்படிப்பட்ட ஒரு நாட்டின் நியாயஸ்தலத்தில் வாதாடும் நாவல் ஒன்றை அவர் எழுதவேண்டுமென்று வெகுகாலம் எதிர்பார்த்திருந்தேன். 2008-இல் அவர் மறைந்தார்.

இப்போது எழுதவரும் இளைஞர்கள் கையெழுத்துப் பிரதிகளை எனக்கு அனுப்புகிறார்கள். 2080-ஆம் ஆண்டுச் சென்னை, பறக்கும் வாகனங்கள், கண்ணுக்குள் பொருத்திய திரை என்றெல்லாம் எழுதிவிட்டு, அதன் நடுவில் ராயபுரத்தில் 1980-இல் நடந்திருக்கக்கூடிய ஒரு கொலையை வைத்துவிடுகிறார்கள். அந்தக் காலத்தில் எது குற்றம், அதை யார் விசாரிப்பார்கள், எது சாட்சியமாகும், தண்டனை என்ன என்று கேட்டால் அவர்களிடம் பதில் இருப்பதில்லை. எதிர்காலம் அவர்கள் எண்ணுவதைவிட அருகில் இருக்கிறது. 2022-இல் நடைமுறைக்கு வந்த குற்றவியல் நடைமுறை (அடையாளம் காணல்) சட்டம், கைரேகை மட்டுமின்றி விழித்திரைப் பதிவுகளையும் உயிரியல் மாதிரிகளையும் எடுத்து வைத்துக்கொள்ள அனுமதிக்கிறது. 2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. தமிழ்த் திரைப்படமும் தொடர்கதையும் மந்திரம்போல் உச்சரித்த, கொலைக்குரிய 302-ஆம் பிரிவு இனி 103. ஆகவே, இந்தத் துறையில் புதிதாகப் பேனா எடுக்கிறவர்களை நான் கேட்டுக்கொள்வது இதுதான்: உங்கள் நாவலின் முதல் வரியை எழுதுவதற்கு முன்னால் பெஸ்டரின் புத்தகத்தைத் தேடிப் படியுங்கள், பிறகு, நீங்கள் கற்பனை செய்யும் அந்த நாட்டின் தண்டனைச் சட்டத்தையும் சாட்சியச் சட்டத்தையும் உங்களுக்காகவே ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி முடித்துவிட்டு, அதன்பின் கொலையை எழுதுங்கள்.